ரேடாரை மாற்றும் முன் வோல்ட்டை அளந்து பாருங்கள்

காரில் முன்னால் போகும் வண்டியைக் கவனிக்கும் முன்பக்க ரேடார் வேலை செய்யவில்லை என்று டாஷ்போர்டில் எச்சரிக்கை வந்தால் உடனே ரேடாரையே மாற்றச் சொல்லிவிடுகிறார்கள். பல நேரம் குறை ரேடாரில் இல்லை, அதற்குப் போகும் மின்சாரத்தில் இருக்கிறது.

ரேடாரும் முன் கண்ணாடிக்குப் பின்னால் உள்ள கேமராவும் பேட்டரியின் 12 வோல்ட்டை அப்படியே பயன்படுத்துவதில்லை. வாசலிலேயே ஒரு டி.வி.எஸ். டையோடு, திடீரென ஏறும் வோல்ட்டேஜை அமுக்கிவிடும். பேட்டரியைத் தலைகீழாக மாட்டினாலும் காப்பாற்ற ஒரு மாஸ்ஃபெட், அதாவது மின்னணு சுவிட்ச், உண்டு. அந்த இடத்தில் சாதாரண டையோடு வைத்தால் அரை வோல்ட் வீணாகும், 10 ஆம்பியரில் அது 5 வாட் சூடு. 5 மில்லிஓம் மாஸ்ஃபெட்டில் அரை வாட்தான். பிறகு பக் கன்வெர்ட்டர்கள் 5, 3.3 என்று இறக்கி, பிராசஸருக்கு 1 வோல்ட்டை ஒட்டிக் கொடுக்கின்றன.

இன்ஜின் ஓடும்போது பேட்டரி டெர்மினலைக் கழற்றி ஆல்டர்நேட்டரைச் சோதிக்கும் பழக்கத்தைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். பேட்டரிக்குப் போய்க்கொண்டிருந்த மின்னோட்டத்துக்குப் போக்கிடம் இல்லாமல் வோல்ட்டேஜ் எகிறும். ஏறும் வோல்ட்டேஜை அமுக்கும் தடுப்பு இல்லாத ஆல்டர்நேட்டருக்கு, வண்டியின் மின்னணுக் கருவிகளைச் சோதிப்பதற்கான ஐ.எஸ்.ஓ. 16750-2 தரம் வைத்திருக்கும் கணக்கு 79 முதல் 101 வோல்ட், 400 மில்லிவினாடி வரை. உள்ளேயே தடுப்பு உள்ளவற்றில் 35 வோல்ட் அளவில் நிற்கும். அடி வாங்கிய டி.வி.எஸ். டையோடு ஷார்ட் ஆனால் ஃபியூஸ் போகும், கண்டுபிடித்துவிடலாம். உள்ளே அறுந்து ஓப்பன் ஆகிவிட்டால்தான் மோசம்: வெளியே எதுவும் தெரியாது, அடுத்த அடி நேராகக் கன்வெர்ட்டருக்கு. லாரியின் 24 வோல்ட்டில் ஜம்ப் ஸ்டார்ட் செய்வதும் வேண்டாம். அந்தத் தரத்தின் சோதனையில் 24 வோல்ட்டைத் தாங்க வேண்டிய நேரம் ஒரே ஒரு நிமிடம்.

வோல்ட்டேஜ் குறைந்தாலும் எச்சரிக்கை வரும். சில மணி நேரம் நின்ற வண்டியில் நல்ல பேட்டரி 12.6 வோல்ட்டை ஒட்டிக் காட்டும். 12.2 என்றால் பாதி சார்ஜ்தான். ஸ்டார்ட் செய்யும்போது 9.6-க்குக் கீழே இறங்கினால் பேட்டரியை லோடு வைத்துச் சோதியுங்கள்.

பேட்டரி நன்றாக இருந்தால் எர்த்தைப் பாருங்கள். கனெக்டரைக் கழற்றாமல், இக்னிஷன் ஆனில், மல்டிமீட்டரின் ஒரு முனையைப் பேட்டரி நெகட்டிவிலும் மறுமுனையை ரேடாரின் எர்த் பின்னிலும் பின்பக்கமாக வையுங்கள். 0.1 வோல்ட்டுக்கு மேல் வந்தால் எர்த் போல்ட்டைக் கழற்றித் துரு நீக்கி இறுக்குங்கள். இதற்கு ஓம் அளவை நம்ப வேண்டாம். வயரில் ஒரே ஒரு இழை மிஞ்சியிருந்தாலும் சுழியத்தை ஒட்டித்தான் காட்டும், மின்னோட்டம் ஓடும்போதுதான் குறை வெளிப்படும்.

டாஷ்கேமுக்கோ கூடுதல் ஹாரனுக்கோ கேமராவின் வயரிலிருந்து லைன் எடுக்காதீர்கள், தனி ஃபியூஸ் போட்டு ஃபியூஸ் பாக்ஸிலிருந்தே எடுங்கள். ஹாரனை இயக்கும் ரிலேயின் காயில் துண்டிக்கப்படும் ஒவ்வொரு முறையும் அந்த லைனில் ஒரு துடிப்பு பாயும்.

முன் கண்ணாடி மாற்றியபின் கேமராவின் பார்வையைச் சரிப்படுத்தும் காலிபரேஷன் செய்யும்போது, வோல்ட்டேஜை நிலையாக வைத்திருக்கும் சார்ஜர் ஒன்றைப் பேட்டரியில் மாட்டிக்கொள்ளுங்கள். இக்னிஷன் ஆனிலேயே வண்டி நெடுநேரம் நிற்கும், நடுவில் வோல்ட்டேஜ் சரிந்தால் வேலை பாதியில் நின்றுவிடும்.