வலம்புரி: யாருக்கு வலம்?

வலம்புரி என்ற சொல்லில் இரண்டு பகுதிகள் உண்டு. வலம், புரி. இரண்டாவதில் இருந்து தொடங்கலாம், ஏனென்றால் சொல்லின் உயிர் அங்கேதான் இருக்கிறது.

புரிதல் என்றால் இன்று நமக்கு விளங்குதல், அல்லது செய்தல். ஆனால் முறுக்குதல், சுருளுதல் என்ற பொருளும் அதற்குப் பழையது. புரிசடை என்றால் முறுக்குண்ட சடை. முப்புரிநூல் என்றால் மூன்று இழையை முறுக்கிய பூணூல். களத்தில் வைக்கோலைத் திரித்துக் கட்டுகிறார்களே, அதை வைக்கோற்புரி என்றுதான் இன்றும் சொல்கிறார்கள். நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும் வலம்புரிக்காயைப் பார்த்தவர்களுக்குச் சந்தேகமே வராது: காய் முழுக்க முறுக்கு. ஆக, வலம்புரி என்பது வலமாக முறுக்கியது. சங்கைக் குறித்தால், வலமாகச் சுருண்ட சங்கு.

சொல் மிகப் பழையது. ‘நேமியொடு வலம்புரி பொறித்த மாதாங்கு தடக்கை’ என்று திருமாலின் கையை முல்லைப்பாட்டு சொல்கிறது. ‘ஆழிபோல் மின்னி வலம்புரிபோல் நின்றதிர்ந்து’ என்று ஆண்டாள் மழையை அழைக்கிறாள். வடமொழியில் இதே சங்குக்குத் தட்சிணாவர்த்தம் என்று பெயர். தட்சிணம் வலம், ஆவர்த்தம் சுழல்வது. பொருள் அப்படியே ஒன்றுதான்.

இது அரிய பொருள் என்பதையும் நம் மரபு அழகாகப் பதிந்து வைத்திருக்கிறது. ஆயிரம் இப்பிக்கு (சிப்பிக்கு) நடுவே ஓர் இடம்புரி, ஆயிரம் இடம்புரிக்கு நடுவே ஒரு வலம்புரி, ஆயிரம் வலம்புரிக்கு நடுவே ஒரு சலஞ்சலம், ஆயிரம் சலஞ்சலத்துக்கு நடுவே பாஞ்சசன்னியம் என்று ஒரு வரிசை உண்டு. கடைசி இரண்டும் நம்பிக்கையின் உலகம். ஆனால் இடம்புரி மலிவு, வலம்புரி அரிது என்பது கடலில் மூழ்கியவர்கள் கண்ணால் கண்டது. மன்னார் வளைகுடாவில் எடுக்கப்படும் சங்கில் ஏறக்குறைய எல்லாமே இடம்புரிதான்.

இனி உயிரியலுக்கு வருவோம். சங்கு ஒரு கடல் நத்தை. நத்தைக்குப் பழந்தமிழில் நந்து என்று பெயர். ‘நந்தும் முரளும் ஈரறிவினவே’ என்பது தொல்காப்பியம். நந்து என்ற அந்த ஒரே சொல் சங்கையும் குறித்தது. குளத்து நத்தையும் கடற்சங்கும் ஒரே இனக்கூட்டம் என்று பார்த்த கண் அது, சரியாகப் பார்த்திருக்கிறது. நம் சங்குக்கு ஸ்வீடனின் இயற்கை அறிஞர் லின்னேயஸ் 1767இல் கொடுத்த சிற்றினப் பெயர் பைரம். லத்தீனில் பேரிக்காய். இன்றைய முழுப் பெயர் டர்பினெல்லா பைரம்.

நத்தை ஓடு எப்படி வளர்கிறது என்று தெரிந்தால், இத்தனை வடிவங்கள் எங்கிருந்து வந்தன என்பது விளங்கும். நத்தை தன் ஓட்டைக் கழற்றி மாற்றுவதில்லை. குஞ்சாக இருக்கும்போது இருந்த துளியூண்டு ஓடுதான் உச்சி. உடம்பு வளர வளர, ஓட்டின் வாயில், அதாவது உடம்பு வெளியே வரும் திறப்பின் விளிம்பில் மட்டும் சுண்ணாம்பைப் புதிதாகச் சேர்த்துக்கொண்டே போகிறது. கிழட்டுச் சங்கின் உச்சியில் அதன் குழந்தைப் பருவம் அப்படியே ஒட்டியிருக்கும்.

அந்தச் சேர்ப்பு மூன்று விதங்களில் மாறலாம். ஒரு சுற்றுக்கு வாய் எவ்வளவு அகலமாகிறது, சுருள் அச்சை விட்டு எவ்வளவு விலகுகிறது, அச்சின் வழியே எவ்வளவு கீழே இறங்குகிறது. 1960களில் டேவிட் ராப் என்ற அமெரிக்கத் தொல்லுயிர் அறிஞர் இந்த அளவுகளைக் கணினியில் கொடுத்து ஓடுகளை வரைய வைத்தார். இறக்கமே இல்லையென்றால் தட்டுப்போலத் தட்டையான ஓடு, பிளனார்பிஸ் நத்தை மாதிரி. இறக்கம் அதிகமானால் டரிட்டெல்லா மாதிரி நீண்ட கூம்பு. வாய் ஒரே சுற்றில் பெரிதாக விரிந்தால், பாறையில் ஒட்டிக் கிடக்கும் தொப்பி வடிவ ஓடுகளுக்கு நெருக்கமான ஒன்று. நம் வயலில் கிடக்கும் உருண்டை நத்தை நடுவில் எங்கோ நிற்கிறது. சோழி மட்டும் ஆளை ஏமாற்றும். இளம் சோழியில் சுருள் தெரியும். முதிர்ந்தபின் கடைசிச் சுற்று மற்ற எல்லாவற்றையும் மூடிவிடுவதால், சுருளே இல்லாத ஓடு என்று நினைத்துவிடுவோம்.

இந்த மூன்று அளவுகள் எப்படி மாறினாலும் மாறாத ஒரு கேள்வி மிச்சம் இருக்கிறது. எந்தப் பக்கமாகச் சுருள்வது?

விலங்கியலார் ஓட்டைப் பிடிக்கும் முறை இது: உச்சி மேலே, வாய் நம்மைப் பார்த்து. வாய் நமக்கு வலப்பக்கம் இருந்தால் டெக்ஸ்ட்ரல், இடப்பக்கம் இருந்தால் சினிஸ்ட்ரல். லத்தீனில் டெக்ஸ்டர் வலது, சினிஸ்டர் இடது. உலகின் நத்தை இனங்களில் பத்தில் ஒன்பதுக்கு மேல் டெக்ஸ்ட்ரல்.

இங்கேதான் சிக்கல். இந்த முறையில் பிடித்துப் பார்த்தால், சாதாரண இடம்புரிச் சங்கின் வாய் வலப்பக்கம் வருகிறது. அதாவது இடம்புரிதான் டெக்ஸ்ட்ரல். அரிதான வலம்புரியோ சினிஸ்ட்ரல். பெயர்கள் அப்படியே மாறி நிற்கின்றன. டெக்ஸ்ட்ரலைக் கண்ணை மூடிக்கொண்டு வலம்புரி என்று மொழிபெயர்த்தால், வயலில் கிடக்கும் நத்தையெல்லாம் வலம்புரி ஆகிவிடும், பூஜையறை வலம்புரி இடம்புரி ஆகிவிடும்.

நம் முன்னோர் தவறாகப் பெயர் வைத்துவிட்டார்கள் என்று இதைப் படிக்கக் கூடாது. அவர்கள் சங்கைப் பிடித்த விதம் வேறு. மரபில் சங்கின் நீண்ட வால் முனை மேலே இருக்கும், உச்சி கீழே. அப்படித் திருப்பினால் வாய் பக்கம் மாறிவிடும். வலம்புரியின் வாய் வலப்பக்கம் வந்து நிற்கும். ஒரு திருகாணியைத் தலைகீழாகப் பிடித்தாலும் அது இறுக்கும் திசை மாறாது அல்லவா? ஓட்டின் சுருளும் அப்படித்தான், அது மாறவே மாறாது. மாறுவது நாம் வைத்திருக்கும் பெயர் மட்டும். வலம்புரி விநாயகரையும் யோசித்துப் பாருங்கள். தும்பிக்கை அவருடைய வலப்பக்கம் திரும்பியிருக்கும், கும்பிடுகிற நமக்கு அது இடம். வலம் என்று சொன்னதும் யாருக்கு வலம் என்று கேட்கத்தான் வேண்டும்.

அப்படியானால் டெக்ஸ்ட்ரலுக்குச் சரியான தமிழ் என்ன? புதிதாகக் காய்ச்சத் தேவையில்லை. வலஞ்சுழி, இடஞ்சுழி என்ற சொற்கள் கையிலேயே இருக்கின்றன. கடிகார முள் சுற்றும் திசையை வலஞ்சுழி என்றுதான் அறிவியல் தமிழில் எழுதுகிறோம். கும்பகோணத்துக்குப் பக்கத்தில் திருவலஞ்சுழி என்று ஊரே இருக்கிறது. நத்தையை உச்சிக்கு மேலிருந்து பார்த்து, உச்சியிலிருந்து வாய்வரை சுருளைக் கண்ணால் தொடருங்கள். முள் சுற்றும் திசையில் போனால் அது வலஞ்சுழி ஓடு, டெக்ஸ்ட்ரல். எதிர்த்திசையில் போனால் இடஞ்சுழி, சினிஸ்ட்ரல். இதை ஏற்றுக்கொண்டால் குழப்பம் தீர்ந்தது: வலம்புரிச் சங்கு என்பது இடஞ்சுழி ஓடு. கேட்க முரணாக இருந்தாலும் இரண்டு சொல்லும் தத்தம் இடத்தில் சரி. வலம்புரியைச் சங்குக்கே விட்டுவிடலாம். இரண்டாயிரம் ஆண்டுப் பழக்கத்தைத் திருத்தப் போவது வீண்வேலை என்பது என் முடிவு.

அப்புறம், இடஞ்சுழி என்றாலே அரிது என்றும் எண்ண வேண்டாம். மீன் தொட்டிக்கு வாங்கிய செடியோடு ஒட்டிக்கொண்டு வரும் சின்னப் பழுப்பு நத்தையைக் கவனித்திருக்கிறீர்களா? பெரும்பாலும் அது ஃபைசா இனமாக இருக்கும். அதில் பிறப்பதெல்லாம் இடஞ்சுழி. தென்கிழக்காசிய மரங்களில் வாழும் ஆம்பிட்ரோமஸ் நத்தைகளில் பல இனங்களில் இரண்டு வகையும் கலந்தே வாழ்கின்றன. அரிது என்பது, வலஞ்சுழியாக இருக்க வேண்டிய இனத்தில் ஒன்று மட்டும் மாறிப் பிறப்பது.

மாறிப் பிறப்பதற்குக் காரணம் கருவிலேயே இருக்கிறது. முட்டை நான்கு செல்லில் இருந்து எட்டாகப் பிரியும்போது மேல் நான்கும் ஒரு பக்கமாகத் திரும்பி அமர்கின்றன. அந்தத் திருப்பம்தான் பிற்பாடு ஓட்டின் திசையாகிறது. ஜப்பானின் ரெய்கோ குரோடா குழுவினர், குளத்து நத்தை லிம்னேயாவின் கருவில் அந்த வேளையில் செல்களை நுண்கண்ணாடிக் குச்சியால் எதிர்ப்பக்கம் தள்ளிவிட்டுப் பார்த்தார்கள். வளர்ந்த நத்தை எதிர்த்திசையில் சுருண்டது. 2009இல் இதை வெளியிட்டார்கள்.

லிம்னேயாவில் இதன் மரபுவழியும் விசித்திரமானது. குஞ்சின் திசையைத் தீர்மானிப்பது குஞ்சின் மரபணு இல்லை, தாயின் மரபணு. முட்டைக்குள் தாய் முன்கூட்டியே வைத்துவிட்ட பொருள்தான் முதல் பிரிவுகளை நடத்துகிறது. அதனால் ஒரு நத்தையின் ஓடு அதன் தாயைப் பற்றித்தான் சொல்லும். 1923இல் அமெரிக்க மரபியலர் ஸ்டர்ட்டவன்ட் இப்படி விளக்கினார்; அந்த மரபணுவையே 2016இல் கண்டுபிடித்தார்கள்.

எல்லா மாற்றமும் பரம்பரையாக வருவதில்லை. 2016இல் லண்டனில் ஒரு தோட்டத்து நத்தை இடஞ்சுழி ஓட்டோடு கிடைத்தது. ஜெரமி என்று பெயரிட்டார்கள். இந்த இனம் முகத்துக்கு முகம் நின்று இணைசேரும். இனஉறுப்பு தலைக்குப் பக்கவாட்டில் இருப்பதால், எதிர்த்திசை ஓடு கொண்ட நத்தையோடு பொருந்த முடியாது. நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகத்தின் ஆங்கஸ் டேவிசன் இன்னொரு இடஞ்சுழி நத்தை வேண்டும் என்று ஊருக்கெல்லாம் வேண்டுகோள் வைத்தார். இங்கிலாந்தில் ஒன்றும், ஸ்பெயினின் மயோர்க்கா தீவில் ஒன்றும் கிடைத்தன. 2017 அக்டோபரில் இறப்பதற்கு முன் ஜெரமிக்குக் குஞ்சுகளும் பிறந்தன. எல்லாமே வலஞ்சுழி. அந்த இனத்தில் இது பெரும்பாலும் கருவளர்ச்சியில் நேரும் தற்செயல் என்று பின்னர் முடிவானது.

துணை கிடைக்காதது தீமை என்றால், நன்மையும் ஓரிடத்தில் உண்டு. ஜப்பானின் தென்கோடித் தீவுகளில் பரியாஸ் இவாசாகி என்ற பாம்பு நத்தையையே தின்று வாழ்கிறது. அதன் கீழ்த்தாடையில் வலப்பக்கம் பல் அதிகம், இடப்பக்கம் குறைவு. வலஞ்சுழி நத்தையை ஓட்டிலிருந்து உருவுவதற்கென்றே அமைந்த தாடை. இடஞ்சுழி நத்தை சிக்கினால் பாம்புக்குப் பிடி வழுக்குகிறது.

கடைசியாக, வலம்புரி வாங்க நினைப்பவர்களுக்கு ஒரு சேதி. அமெரிக்காவின் தென்கிழக்குக் கரையிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் ஒரு சங்கு வகை உண்டு, மின்னல் வெல்க் என்பார்கள். அது இனமாகவே இடஞ்சுழி, வேண்டிய அளவு கிடைக்கிறது. அதை வலம்புரி என்று சொல்லி இங்கே விற்கிறார்கள். வாய்க்குள் விரலை விட்டு நடுத்தண்டைத் தடவிப் பாருங்கள். நம் சங்கில் மூன்று நான்கு மடிப்புகள் வரிசையாக விரலில் தட்டும். அமெரிக்கச் சங்கில் அந்த இடம் வழுவழுவென்று இருக்கும்.