ஃபார்மட் அடித்தால் போயிடுமா?

மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை. பள்ளி விடுமுறையும் அதோடு சேர்ந்துகொள்ளும். பாம்பன், மண்டபம், கீழக்கரைப் பக்கம் லேப்டாப் சர்வீஸ் பார்க்கிற எனக்கு அதுதான் சீசன். கேமுக்கு ‘ஃப்ரீ ஆக்டிவேஷன் கீ’ தேடிப் போன பையன்களின் லேப்டாப் வரிசையாக வரும்.

கடைசியாக வந்தது ஒரு நண்டு வியாபாரியுடையது. மகன் இறக்கிய ஜிப்புக்குப் பாஸ்வேர்டு. ‘முதலில் ஆன்டிவைரஸை ஆஃப் செய்’ என்று கூடவே ஒரு குறிப்பு. செய்திருக்கிறான். பில், பாக்கிக் கணக்கு, அக்கா கல்யாணப் படம் எல்லாம் வாலில் புரியாத நாலெழுத்து ஒட்டிக்கொண்டு திறக்க மறுத்தன. ஃபோல்டருக்கு ஃபோல்டர் ஒரு நோட்பேடு சீட்டு: 980 டாலர், 72 மணி நேரத்துக்குள் பேசினால் பாதி. ஃபைலைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் ‘ஸ்டாப்’ என்ற ரான்சம்வேர் வைரஸின் வழக்கமான சீட்டுதான்.

“ஒரு ஃபார்மட் அடிச்சுக் குடுங்க தம்பி, போயிடும்ல?”

எல்லாரும் இதையே கேட்கிறீர்கள். வைரஸ் போகும், பூட்டிய ஃபைலும் கூடவே போகும். நெட் கிடைக்காதபோது வைரஸ் பயன்படுத்தும் பொதுச் சாவியான ஆஃப்லைன் கீயால் பூட்டியிருந்தால், எம்சிசாஃப்ட் என்ற கம்பெனி தரும் இலவச டிகிரிப்டரில் (பூட்டைத் திறக்கும் சாஃப்ட்வேர்) மீள வாய்ப்புண்டு. ஃபார்மட் அடித்தால் அதற்கும் வழியில்லை. அதைவிட, இப்படி ஓசியில் இறக்கும் ஃபைல்கள் பல நேரம் பாஸ்வேர்டு திருடியையும் சேர்த்தே கூட்டி வரும். குரோமில் சேமித்த பாஸ்வேர்டு, லாகினிலேயே இருக்கும் மெயிலின் குக்கீ (உள்ளே இருப்பது நீங்கள்தான் என்று பிரவுசர் வைத்திருக்கும் அடையாளச் சீட்டு) இரண்டையும் அள்ளிவிடும். குக்கீ கிடைத்தால் ஓடிபிகூடத் தேவைப்படாமல் உள்ளே நுழையலாம். திருடன் சாவியோடு போன பிறகு வீட்டைக் கழுவிவிட்டு என்ன செய்ய?

நெட்டைத் துண்டியுங்கள். வேறு போனிலிருந்து மெயில் பாஸ்வேர்டை மாற்றி, எல்லாச் சாதனத்திலும் லாக்அவுட் கொடுங்கள். அப்புறம் பேங்க். பணம் போயிருந்தால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்கு அடியுங்கள். டாலர் மட்டும் கட்டாதீர்கள்.

தம்பிகளா, ஸ்டீம் என்ற கேம் கடையின் ஒரு கீ ஒரு கணக்குக்குத்தான். ஊருக்கே தெரிய ஒருத்தன் கீயைப் போட்டால் அது உனக்காகவா காத்திருக்கும்? ‘ரோபோ இல்லை என்று நிரூபி’ என்று சொல்லி விண்டோஸ் பட்டனையும் ஆர்-ஐயும் அழுத்தி எதையோ பேஸ்ட் பண்ணச் சொன்னால் அந்தப் பக்கத்தை மூடு. ஓசியில்தான் வேண்டுமென்றால் எபிக் கேம்ஸ் ஸ்டோரே வாராவாரம் சும்மா தருகிறது.

பெற்றோரே, கணக்கு வைத்திருக்கிற லேப்டாப்பைப் பையனிடம் கொடுக்காதீர்கள். வேறு வழியில்லையா, அவனுக்குத் தனி யூசர் போட்டு, அட்மின் பாஸ்வேர்டை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். பேக்கப் ஹார்ட் டிஸ்க்கை வேலை முடிந்ததும் கழற்றுங்கள், தயவுசெய்து. சொருகியே கிடந்தால் அதையும் சேர்த்துத்தான் பூட்டும்.