நடுராத்திரி முழிப்பு

செட்டிநாட்டில் கானாடுகாத்தான், பள்ளத்தூர் பக்கம் பெரிய வீடுகளில் தனியாக இருக்கும் ஆச்சிகளிடம் கேட்டுப் பாருங்கள். படுத்தவுடன் தூக்கம் வந்துவிடும், ஆனால் நடுராத்திரியில் நாலைந்து தரம் முழிப்பு. வளவில் பூனை குதித்தாலே நெஞ்சு படபடக்கும். வயசானால் அப்படித்தான் என்று விட்டுவிடுகிறோம். வயசு ஒரு காரணம்தான். தனிமையும் ஒரு காரணம்.

சிகாகோ பல்கலைக்கழகத்தில் இருந்த உளவியலாளர் ஜான் கசியோப்போ, தனிமையைப் பசி, தாகம் போல உடல் தரும் எச்சரிக்கையாகப் பார்த்தார். கூட்டமாக வாழ்ந்தே பிழைத்த இனம் நாம். துணை போதவில்லை என்று தோன்றிவிட்டால் மூளை காவலைக் கூட்டிவிடுகிறது; தூக்கத்திலும் அது தளர்வதில்லை. சுற்றி எத்தனை பேர் என்பது இதில் பெரிய விஷயமே இல்லை. அமெரிக்காவின் தெற்கு டகோட்டாவில் ஹட்டரைட் என்ற சமூகத்தார் கூட்டாகவே வாழ்கிறார்கள். 2011இல் வந்த ஆய்வு, அங்கேயும் தனிமை உணர்வு கூடியவர்களுக்குத் தூக்கம் அதிகமாக உடைவதைக் காட்டியது. தூங்கிய மொத்த நேரம் குறையவில்லை. பங்காளிகள் எல்லாம் கூடிய கல்யாண வீட்டிலும் ஒருவருக்கு இது வரலாம்.

பகலில் இதே காவல் மனிதர்களிடம் திரும்புகிறது. வாட்ஸப்பில் நீல டிக் விழுந்தும் மகனிடமிருந்து பதில் இல்லை. வேலையாக இருப்பான் என்று நினைப்பதற்குள், ‘நாம அவுகளுக்குப் பாரமாயிட்டோம்’ என்று மனம் முடிவு கட்டிவிடுகிறது. மறுநாள் அவனே கூப்பிட்டாலும், “நல்லாருக்கேன்ப்பா, வச்சிரவா?” அவ்வளவுதான் பேச்சு. ஆத்தாவுக்குப் பேசப் பிடிக்கவில்லை போல என்று அவனும் கூப்பிடுவதைக் குறைக்கிறான். தனிமை இப்படித்தான் தன்னைத்தானே வளர்த்துக்கொள்கிறது. இதைப் பிடிவாதம் என்று வீட்டார் சொல்லும்போது எனக்கு மனசு கேட்பதில்லை.

சரி, எது தணிக்கும்? விஸ்கான்சின்-மேடிசன் பல்கலைக்கழகத்தில் லெஸ்லி செல்ட்சர் குழுவினர், சிறுமிகளை அந்நியர் முன் பேசவும் கணக்குப் போடவும் வைத்துப் பதற்றப்படுத்தினார்கள். அப்புறம் அம்மாவை நேரில் பார்த்தவர்களுக்கும் போனில் குரல் கேட்டவர்களுக்கும் பதற்றத்தில் கூடும் கார்டிசால் என்ற ஹார்மோன் இறங்கியது, நெருக்கத்தில் சுரக்கும் ஆக்சிடோசின் ஏறியது. அம்மாவோடு எழுத்தில் மட்டும் பேசியவர்களுக்கு இரண்டும் நடக்கவில்லை. 2012இல் வெளியான முடிவு இது.

சிறுமிகளுக்குப் பொருந்தியது முதியவர்களுக்கும் அப்படியே பொருந்தும் என்று அடித்துச் சொல்ல மாட்டேன். ஆனாலும் வெளியூரில் இருக்கும் பிள்ளைகளிடம் கேட்கிறேன்: காலை வணக்கப் படத்தை அனுப்புவதற்குப் பதில் கூப்பிட்டுப் பேசுங்கள். ஆச்சி சட்டென்று வைக்கப் பார்த்தால், இன்றைக்கு என்ன குழம்பு என்று கேளுங்கள். சிங்கப்பூரில் இரவு 10 மணி என்றால் இங்கே ஏழரைதான் ஆகியிருக்கும்.