ரீப்பர் ஓட்டுபவருக்கு ஏன் மனசு வலிக்கிறது?

குன்னூரிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார். அப்பா மெட்ராஸ் ரெஜிமென்ட்டில் இருந்து ஓய்வு பெற்றவர், வீடு வெலிங்டன் பக்கம். “ட்ரோன் ஓட்டுறவங்களுக்கும் போர்ல போனவங்க மாதிரி மனநோய் வருதாம். ஏசி ரூம்ல உட்கார்ந்து பட்டன் அழுத்துறவங்களுக்கு என்ன வரப் போகுதுன்னு அப்பா சிரிக்கிறார். யார் சொல்றது சரி?”

அப்பாவின் சிரிப்பில் நியாயம் இருக்கிறது. நம்மைச் சுட யாருமே இல்லாத இடத்தில் பயம் எப்படி வரும்? ஆனால் இங்கே ஆளை உடைப்பது பயம் இல்லை. அது எங்கிருந்து வருகிறது என்று பார்க்க, அந்த ஏசி அறைக்குள் கொஞ்சம் போக வேண்டும்.

அமெரிக்க விமானப்படையின் க்ரீச் தளம் நெவாடா பாலைவனத்தில், லாஸ் வேகாஸிலிருந்து ஒரு மணி நேரக் கார் பயணத்தில் இருக்கிறது. அங்கே பக்கத்துப் பக்கத்து நாற்காலிகளில் இரண்டு பேர்: ஒருவர் பைலட், இன்னொருவர் கேமராவையும் லேசரையும் கையாளும் சென்சார் ஆபரேட்டர். அவர்கள் ஓட்டும் ரீப்பர் என்ற ஆயுத ட்ரோன் பறப்பதோ உலகின் மறுபக்கம், 2021 வரை ஆப்கானிஸ்தான் மேலே. புறப்படும்போதும் இறங்கும்போதும் மட்டும் அங்கேயே இருக்கும் வேறொரு குழு ஓட்டும். காரணம், சிக்னல் தாமதம். செயற்கைக்கோள் 36,000 கி.மீ. உயரத்தில் நிற்கிறது. ஏறி இறங்க 72,000 கி.மீ.; ஒளி வேகத்திலேயே கால் விநாடி. படம் வர ஒரு கால், கட்டளை போக ஒரு கால், நடுவில் கடலடிக் கேபிள், சங்கேதமாக்கல், வீடியோ சுருக்கம். எல்லாம் சேர்ந்து ஒரு விநாடியைத் தாண்டிவிடும். ஓடுபாதையில் அது விபத்து.

சரி, இப்போது ஏவுகணைக்கு வருவோம். எனக்கு இதில் மிகவும் பிடித்த பகுதி இதுதான். தூக்கம் கெடுப்பதும் இதுதான்.

ரீப்பர் சுமக்கும் ஹெல்ஃபயர் ஏவுகணை தானாக இலக்கைத் தேடிப் போகும் ரகம் இல்லை. விமானத்தின் வயிற்றிலிருக்கும் உருண்டையிலிருந்து ஒரு லேசர் கற்றை கீழே பாய்கிறது. கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு லேசர். அது தொடர்ச்சியான ஒளியாக இல்லாமல் குறிப்பிட்ட இடைவெளியில் துடிக்கிறது. அந்தத் துடிப்பின் தாளம் ஏவுகணைக்கு முன்கூட்டியே சொல்லப்பட்டிருக்கும். இலக்கில் பட்டுச் சிதறி வரும் ஒளியை ஏவுகணையின் மூக்கு பிடிக்கிறது, தன் தாளம்தானா என்று சரிபார்க்கிறது, அதை நோக்கித் துடுப்புகளைத் திருப்புகிறது. இருட்டில் வழி தெரியாதவருக்கு டார்ச் அடித்துக் காட்டுகிற வேலை. டார்ச் நகர்ந்தால் போகிறவரும் நகர்வார்.

டார்ச் பிடித்திருப்பவர் அந்த சென்சார் ஆபரேட்டர். ஏவியதிலிருந்து மோதும் வரை இருபது, முப்பது விநாடிகள்கூட ஆகலாம். அவ்வளவு நேரமும் அவர் குறியை அசையாமல் பிடித்திருக்க வேண்டும். நடுவில் ஒரு குழந்தை கேமராவின் பார்வைக்குள் ஓடி வந்தால் லேசரை வெற்று நிலத்துக்குத் திருப்பலாம், நேரம் இருந்தால். அவர் பார்க்கும் படமே ஒரு விநாடிக்கு மேல் பழையது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். போர் விமானி ஜி.பி.எஸ். குண்டைப் போட்டுவிட்டு மணிக்கு எண்ணூறு கி.மீ. வேகத்தில் திரும்பிவிடுவார். இவருக்குத் திரும்பிக்கொள்ள வழியில்லை.

அதோடு முடிவதும் இல்லை. ரீப்பர் ஒரு நாள் முழுக்க வானில் நிற்கக்கூடியது. தாக்குதலுக்கு முன் நாள்கணக்கில், சில சமயம் வாரக்கணக்கில் அதே வீட்டைப் பார்த்திருப்பார்கள்: யார் எப்போது வெளியே போகிறார், எந்தப் பிள்ளை முற்றத்தில் விளையாடுகிறது. தாக்கிய பிறகும் வட்டமடித்து, இறந்தவர்களை எண்ணி, யார் உடலை எடுக்க வருகிறார்கள் என்று குறித்துக்கொள்ள வேண்டும். இரவென்றால் வெப்பக் கேமரா. கூடலூர், பந்தலூர் பக்கம் யானைகளைக் கண்காணிக்க வனத்துறை பறக்கவிடும் ட்ரோன்களிலும் இந்த வகைக் கேமரா உண்டு. (ஊட்டியின் அடர்ந்த பனிமூட்டத்தில் அது திணறும், மூட்டத்தின் நீர்த்துளிகள் கிட்டத்தட்ட அந்த அலைநீளத்தின் அளவிலேயே இருப்பதால் கதிரைச் சிதறடித்துவிடும்.) உடல் சூடு வெள்ளையாகத் தெரியும். தரையில் சிந்திய ரத்தமும் முதலில் வெள்ளைதான். ஆற ஆற மங்கி, மண்ணின் நிறத்தோடு கலந்துவிடும்.

ஷிஃப்ட் முடிந்தால் காரில் ஏறி வீடு. பிள்ளையின் வீட்டுப்பாடம், இரவுச் சாப்பாடு. நடந்ததை மனைவியிடம் சொல்லக்கூடாது, ராணுவ ரகசியம்.

ஆராய்ச்சி முடிவுகள் பரபரப்புச் செய்திகளைவிட நிதானமானவை. 2013இல் வந்த ஓர் ஆய்வில், வயது, பணிக்காலம் போன்றவற்றைச் சரிசெய்து பார்த்தபோது ட்ரோன் பைலட்டுகளுக்கும் சாதாரண விமானிகளுக்கும் மனநலப் பாதிப்பில் பெரிய வித்தியாசம் இல்லை. 2014இல் ஆயிரத்துச் சொச்சம் அமெரிக்க ட்ரோன் பணியாளர்களிடம் எடுத்த கணக்கில், பி.டி.எஸ்.டி. எனப்படும், பேரதிர்ச்சிக்குப் பின் வரும் மனநோயின் அறிகுறிகள் தீவிரமாக இருந்தவர்கள் 4.3 சதவீதம். களத்திலிருந்து திரும்பிய வீரர்களைவிடக் குறைவு. ட்ரோன் பணியாளர்கள் அதிகம் புலம்பியது நீண்ட ஷிஃப்டையும் ஆள் பற்றாக்குறையையும் பற்றித்தான். ஆக, அப்பாவுக்குப் பாதி மதிப்பெண்.

ஆனால் பி.டி.எஸ்.டி. அளவுகோல், முக்கியமாக உயிருக்கு ஆபத்து என்று மூளை அலறியதன் மிச்சத்தை அளக்க உருவானது. வியட்நாம் வீரர்களுக்குச் சிகிச்சை அளித்த ஜோனதன் ஷே என்ற மனநல மருத்துவர் வேறொன்றைக் கவனித்தார்: தான் சரியென்று நம்பியதைத் தன் மேலதிகாரி மீறிவிட்டதால் வரும் காயம். 2009இல் பிரெட் லிட்ஸ் என்ற உளவியலாளரின் குழு, தானே மீறுவதையும் சேர்த்து, அதை மாரல் இஞ்சுரி என்ற பெயரில் விரிவாக வரையறுத்தது. அறக்காயம் எனலாம். பயத்துக்கான சிகிச்சையில், “ஆபத்து போய்விட்டது, இப்போது நீ பத்திரம்” என்று மூளைக்குப் பழக்குவார்கள். நெவாடாக்காரர் எப்போதுமே பத்திரமாகத்தான் இருந்தார். தான் செய்தது சரியா என்பதுதான் அவர் கேள்வி. 2021 ஆகஸ்ட் 29 அன்று காபூலில் தாக்கப்பட்ட வெள்ளை நிற டொயோட்டா கார், ஓர் உதவி நிறுவன ஊழியர் ஓட்டி வந்தது. ஏழு குழந்தைகள் உட்படப் பத்துப் பேர் இறந்தார்கள். தவறு என்று அமெரிக்க ராணுவமே மூன்று வாரத்துக்குள் ஒப்புக்கொண்டது. அன்று லேசரைப் பிடித்திருந்த கைக்கு எந்த மூச்சுப் பயிற்சி உதவும்? இதற்காக அந்தப் பத்துப் பேரின் குடும்பத்தையும் இந்தக் கையையும் ஒரே தட்டில் வைக்க நான் தயாரில்லை.

நமக்கும் இது தூரத்துச் செய்தி இல்லை. அரக்கோணம் கடற்படைத் தளத்தில் 2020 முதல் இதே குடும்பத்து ட்ரோன்கள், ஆயுதமில்லாமல், குத்தகைக்குப் பறக்கின்றன. 2024 அக்டோபரில் அதே குடும்பத்து எம்.க்யூ.9பி ட்ரோன்கள் 31 வாங்க இந்தியா கையெழுத்திட்டது. சுமார் 32,000 கோடி ரூபாய். அதில் ஒரு சிறு துளியை மனநல ஆராய்ச்சிக்கு ஒதுக்க வேண்டும் என்பது என் கட்சி. நம் ஊர்களில் லீவில் வந்த பட்டாளத்துக்காரர் தூங்காமல் உட்கார்ந்திருந்தால் காத்து கருப்பு என்று கயிறு கட்டுகிறோம். கயிற்றால் உடம்புக்குக் கெடுதல் இல்லைதான், ஆனால் மருத்துவரிடம் போவது ஆறு மாதம் தள்ளிப்போகும். க்ரீச்சில் ரகசியங்களைக் கேட்க அனுமதி பெற்ற உளவியலாளர்களையும் பாதிரியார்களையும் குழுக்களோடு சேர்த்தே அமர்த்தினார்கள். ஷிஃப்ட் முடிந்து காரை எடுக்கும் முன் ஒருவர் வாய்விட்டுப் பேசலாம், சட்டத்தை மீறாமல். இங்கேயும் வாங்கிய முதல் ட்ரோன் இறங்கும் முன்பே அந்த நாற்காலியைப் போட்டு வைக்கலாம். செலவு ஒரு ஹெல்ஃபயர் விலைகூட வராது.