'தொழில்நுட்பக் காரணத்தால் தள்ளுபடி': எந்தத் தொழில், என்ன நுட்பம்?

'தொழில்நுட்பக் காரணங்களால் மனு தள்ளுபடி' என்று மறுபடியும் ஒரு செய்தி. காரைக்குடியில் பூர்வீக வீட்டுக்குப் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருக்கும் ஆச்சி இதைப் படித்தால், கோர்ட்டில் கம்ப்யூட்டர் பழுது என்றுதான் நினைப்பார்.

கிரேக்கத்தில் 'தெக்னே' என்றால் கைவினை. அதன் வழிவந்த 'டெக்னிக்கல்' சட்டத்தில் பொறியைக் குறிப்பதில்லை. விதியை எழுத்துப்படி பார்ப்பதைக் குறிக்கிறது. மொழிபெயர்ப்பவர் அகராதியின் முதல் பொருளோடு எழுந்துவிடுகிறார்.

கோர்ட் கட்டணம் குறைகிறது. அரசின்மேல் வழக்குப் போடுமுன், சிவில் வழக்குகளுக்கான 1908-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 80-ஆம் பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்கவில்லை. மலேசியாவில் இருக்கும் பங்காளியைச் சேர்க்காமலே பாக வழக்குப் போட்டாயிற்று. இவற்றில் தொழிலும் இல்லை, நுட்பமும் இல்லை. இ-ஃபைலிங்கில் சர்வர் படுத்துக் கெடு தவறினால், அதுதான் தொழில்நுட்பக் கோளாறு. அந்தப் பெயரை இதற்குச் செலவழித்துவிட்டு, அதற்கு என்ன சொல்வதாம்?

தனித்தமிழ் அன்பர்கள் 'நெறிமுறை வழு' என்கிறார்கள். நெறிமுறை என்றதும் ஒழுக்கம்தான் நினைவுக்கு வரும். கட்டணம் குறைத்துக் கட்டியவர் ஒழுக்கம் கெட்டவராகிவிடுகிறார். 'நடைமுறைச் சிக்கல்' என்றால் செய்து பார்ப்பதில் உள்ள கஷ்டம். அந்த 1908-ஆம் ஆண்டுச் சட்டத்துக்கே 'உரிமையியல் நடைமுறைச் சட்டம்' என்று பெயர் இருக்க, 'நடைமுறைக் குறை' என்று எழுதக் கை ஏன் கூசுகிறதோ!

அடுத்து 'தள்ளுபடி'. செல்லுபடி, கட்டுபடி வரிசையில் வந்த நல்ல தமிழ்ச்சொல். ஆடித் தள்ளுபடி ஒருபுறம் இருக்க, பேரேடு எழுதிப் பழகிய செட்டிநாட்டில் ஒரு கடனைத் தள்ளுபடி எழுதினால் அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. கோர்ட்டில் அப்படி இல்லை. குறை காட்டி வழக்குக் கட்டைத் திருப்பித் தந்தால் அது 'திருப்புதல்'. சரிசெய்து மறுபடி கொடுக்கலாம். அதே சட்டத்தின் கட்டளை 7 விதி 11-இல் பிராது, அதாவது வாதி கொடுக்கும் வழக்கு மனு, போனால் அது 'நிராகரிப்பு'. வடசொல் உறுத்தினால் 'ஏற்க மறுப்பு' எனலாம். கட்டணக் குறைவென்றால், அதைக் கட்டத் தவணை கொடுத்தும் கட்டாதபோதுதான் இது நேரும். அப்போதும் விதி 13-இன்படி அதே வழக்குமூலத்தில், அதாவது வழக்குக்கான அதே காரணத்தை வைத்து, புதுப் பிராது போடலாம். வாய்தா அன்று பிரதிவாதி வந்து வாதி வராவிட்டால் வழக்குப் போவது கட்டளை 9 விதி 8-இல். 'டிஃபால்ட்டில் போயிடுச்சு' என்பார்களே, அது. இதில் அதே வழக்குமூலத்தில் புது வழக்குக்கு இடமில்லை. 30 நாளுக்குள் வராததற்குத் தக்க காரணம் காட்டி, பழைய வழக்கையே கோப்புக்குக் கொண்டுவர மனுப் போடவேண்டும்.

இத்தனையையும் 'தள்ளுபடி' என்ற ஒரே சாக்கில் கட்டினால், மறுபடி போடக்கூடியவர் முடிந்தது என்று வீட்டில் உட்கார்ந்துவிடுவார். 'நடைமுறைக் குறையால் பிராது நிராகரிப்பு' என்று நிருபர் எழுதினால் ஆச்சி வக்கீலிடம் ஒரு வார்த்தை கேட்பார். கேட்பதையும் சுருக்கக் கேட்கவேண்டும். புதுப் பிராதுக்கும் காலவரம்பு ஓடிக்கொண்டுதான் இருக்கும்.