ஒன்பது கேள்விகளும் ஒரு கூழ் அண்டாவும்

தென்னாப்பிரிக்காவில், டர்பனை ஒட்டிய சாட்ஸ்வொர்த்தில் ஒரு சர்க்கரை நோய் முகாம். எழுபதைத் தாண்டிய ஓர் ஆயா, பக்கத்தில் மகள். மகள் கையில் ஒரு தாள். அதில் ஒன்பது கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் நான்கு கட்டங்கள். முதல் கேள்வியை மகள் தமிழில் சொன்னார்: "எதிலயும் ஆர்வம் இல்லாம இருக்கீங்களாம்மா?"

"அதெல்லாம் ஒண்ணும் இல்ல. தினமும் விளக்கேத்துறேனே."

மகள் 'இல்லவே இல்லை' என்ற கட்டத்தில் டிக் போட்டார். மொழிபெயர்த்து உதவப் போயிருந்த நான் பேச்சுவாக்கில் கேட்டேன்: "இந்த ஆடியில கூழ் ஊத்தினீங்களா ஆயா?"

கொஞ்ச நேரம் பேசவில்லை. "இல்ல தம்பி. நாப்பது வருஷமா ஊத்தினேன். இந்த வருஷம் அண்டாவை எறக்கவே மனசு வரல."

முதல் கேள்வி தேடி வந்த பதில் இதுதான்.

அந்தத் தாளின் பெயர் பிஹெச்க்யூ-9. ராபர்ட் ஸ்பிட்சர், கர்ட் குரோயன்கே, ஜேனட் வில்லியம்ஸ் ஆகியோர் அமெரிக்காவில் உருவாக்கியது. மனச்சோர்வைக் கண்டறிய மனநல மருத்துவர்கள் பார்க்கும் ஒன்பது அறிகுறிகளையே ஒன்பது கேள்விகளாக்கினார்கள். ஆர்வமின்மை, மனம் வாடுவது, தூக்கம், அசதி, பசி, தன்னைத் தானே குறைவாக நினைப்பது, கவனம் சிதறுவது, பேச்சும் அசைவும் மந்தமாவது அல்லது நிலைகொள்ளாமல் தவிப்பது, கடைசியாக, செத்துப்போனால் தேவலை என்ற எண்ணம். கடந்த இரண்டு வாரத்தில் இவை எத்தனை நாள் இருந்தன என்பதற்கு 0 முதல் 3 வரை மதிப்பெண். மொத்தம் 27.

ஏன் கூட்ட வேண்டும்? தூக்கம் கெட ஆயிரம் காரணம் உண்டு. ஆனால் தூக்கமும் பசியும் ஆசையும் ஒரே சமயத்தில் கெட்டால், அடியில் ஒரே காரணம் இருக்க வாய்ப்பு அதிகம். கூட்டுத்தொகை அந்தச் சேர்க்கையைத்தான் அளக்கிறது. இரண்டு வாரம் என்று சுருக்கியதற்கும் அர்த்தம் உண்டு. வாடிய மனசுக்குப் போன வருஷம் முழுக்கவே இருட்டாகத்தான் தெரியும்.

பொதுவாக 10ஐத் தொட்டால் 'மேலே விசாரி' என்று பொருள். 2001இல் வெளியான ஆய்வில், 580 நோயாளிகளை மனநல வல்லுநர்கள் தனியாகப் பேட்டி கண்டு ஒப்பிட்டார்கள். கடுமையான மனச்சோர்வு இருந்தவர்களில் 88 சதவீதம் பேர் 10ஐத் தொட்டிருந்தார்கள். இல்லாதவர்களில் 88 சதவீதம் பேர் அதற்குக் கீழே இருந்தார்கள். கேட்க நன்றாக இருக்கிறது. சரி, ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 1,000 பேர் வருகிறார்கள், அவர்களில் 100 பேருக்கு மனச்சோர்வு என்று வைத்துக்கொள்வோம். 88 பேர் சிக்குவார்கள், 12 பேர் தப்பிவிடுவார்கள். மீதி 900 பேரிலும் 12 சதவீதம், அதாவது 108 பேர், 10ஐத் தொடுவார்கள். ஆக, தாள் சந்தேகப்படும் 196 பேரில் பாதிக்கு மேல் மனச்சோர்வு இல்லாதவர்கள். இது சல்லடை, தீர்ப்பு இல்லை. எண்ணைப் பார்த்ததுமே மாத்திரை எழுதுவது தவறு. தைராய்டு, ரத்தசோகை எல்லாம் பார்க்க வேண்டும், உட்கார்ந்து பேச வேண்டும்.

சர்க்கரை நோயாளியிடம் இன்னொரு சிக்கல். ராத்திரி நாலு தடவை சிறுநீர் கழிக்க எழுந்தால் தூக்கத்துக்கு 3. சர்க்கரை ஏறிய உடம்பின் அசதிக்கு 3. மனசு நன்றாக இருந்தாலும் 6 வந்துவிடும். இதை யோசித்துத்தான் 1983இல் மருத்துவமனை நோயாளிகளுக்கென்று வந்த ஒரு படிவத்தில் தூக்கம், பசி போன்ற உடம்புக் கேள்விகளைத் தவிர்த்தார்கள். பிள்ளை பெற்ற தாய்மாருக்காக 1987இல் எடின்பரோ பெயரில் வந்த படிவம் இன்னும் நுட்பமானது. கைக்குழந்தை இருக்கும் வீட்டில் யார் தூங்குகிறார்கள்? அதனால் 'தூக்கம் இல்லையா' என்று கேட்காமல், 'தூங்க முடியாத அளவுக்கு மனக்கஷ்டமா' என்று கேட்டார்கள். ஒரே ஒரு சொற்றொடர், வேலையை அடியோடு மாற்றிவிட்டது.

சொல்தான் இங்கே கருவி. 1860இல் ட்ரூரோ கப்பலில் சென்னையிலிருந்து வந்திறங்கியவர்களின் வாரிசுகள் இன்று இங்கே இங்கிலீஷில்தான் புழங்குகிறார்கள். ஆனாலும் துக்கம் என்று வந்தால் தமிழுக்குத் திரும்பும் பெரியவர்கள் சிலர் இருக்கிறார்கள். அவர்கள் 'மனச்சோர்வு' என்று சொல்வதில்லை. 'நெஞ்சு அடைக்குது', 'மனசு பாரமா இருக்கு', 'ஒண்ணும் பிடிக்கல' என்கிறார்கள். பக்கத்து நாடான ஜிம்பாப்வேயில் இதற்கு நல்ல வழி கண்டார்கள். அங்கே ஷோனா மொழியில் 'குஃபுங்கிசிசா' என்ற சொல் உண்டு, ஓயாமல் யோசித்துக்கொண்டே இருப்பது என்று பொருள். மக்கள் வாயில் புழங்கும் இப்படிப்பட்ட பேச்சிலிருந்தே 14 கேள்விகளை அமைத்தார்கள். நம் பெரியவர்களுக்கும் அப்படி ஒன்று வேண்டும் என்று எனக்கு ரொம்ப ஆசை.

ஒன்பதாவது கேள்வி கூட்டலுக்குள் அடங்காதது. மொத்தம் எவ்வளவாக இருந்தாலும், அதற்கு மட்டும் பூஜ்யத்தைத் தவிர எந்தப் பதில் வந்தாலும் அன்றைக்கே பேசியாக வேண்டும். கேட்டால் அந்த எண்ணத்தைக் கிளப்பிவிட்டது போல் ஆகுமோ என்று பலர் பயப்படுகிறார்கள். ஆய்வுகள் அப்படிச் சொல்லவில்லை.

மகள் அதைத் தயங்கித் தயங்கிக் கேட்டபோது ஆயா, "சீ, என்ன பேச்சு இது" என்று முடித்துவிட்டார். நர்ஸ் கவனித்துக்கொண்டிருந்தார். மகளை மருந்து வாங்கிவர அனுப்பிவிட்டு, என் மூலமாக மறுபடி கேட்டார்.

ஆயா சேலைத் தலைப்பை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தார். "அவரு போன எடத்துக்கே போயிடலாம்னு சில நாள் தோணும், தம்பி."

அன்றைக்கே டாக்டரைப் பார்த்தார். உள்ளே போகுமுன் நர்ஸ் தாளை முதலிலிருந்து திரும்பக் கேட்டார். இந்தத் தடவை கட்டங்களை ஆயாவே விரல் வைத்துக் காட்டினார். முதல் கேள்விக்கு மகள் போட்டிருந்த பூஜ்யத்தை அடித்துவிட்டு 3 எழுதினோம். கூட்டிப் பார்த்தால் 13.