இரவு வற்றத்தில் மேடேறும் சேற்று நத்தை

வட அமெரிக்காவின் அட்லாண்டிக் கரையோரக் கழிமுகங்களில் கூட்டங்கூட்டமாக ஊர்வது கிழக்குச் சேற்று நத்தை. அறிவியல் பெயர் ட்ரிட்டியா ஆப்சொலீட்டா. பழைய ஆய்வுகளில் இலியனாஸா ஆப்சொலீட்டா என்றிருக்கும். வளர்ந்த நத்தையின் ஓடு 2 முதல் 3 செ.மீ. நீளம். நுனி அரித்துப்போய், மேலே பாசி படிந்து கருத்துக் கிடக்கும். நெருங்கிய இனங்கள் பெரும்பாலும் பிணந்தின்னிகளாக இருக்க, இது சேற்றின் மேற்பரப்பில் படரும் டயாட்டம் என்ற நுண்பாசியை வழித்துத் தின்கிறது. செத்த மீன் கிடைத்தால் அதையும் விடாது.

கடல்நீர் வடிந்து நிற்கும் வற்றத்தின்போது ஈரச் சேற்றோடு ஒட்டியிருப்பதே இதன் வழக்கம். ஆனால் டெலவேர் மாநிலத்தின் கேப் ஹென்லோப்பனில், நீர்விளிம்பை விட்டு விலகி, மணல்மேட்டின் மேல் சில நத்தைகள் கிடந்தன. உயிரியலாளர் லாரன்ஸ் கர்ட்டிஸ் அவற்றை ஆராய்ந்து 1987-இல் ‘சயின்ஸ்’ இதழில் காரணத்தை வெளியிட்டார். அவற்றுக்குள் இருந்தது கைனிக்கோடைலா அடுங்கா என்ற ஒட்டுண்ணித் தட்டைப்புழு.

இந்தப் புழுவுக்கு மூன்று உயிர்கள் வேண்டும். கரைப்பறவையின் குடலில் முதிர்ந்து முட்டையிடுகிறது. முட்டைகள் எச்சத்தோடு சேற்றில் விழுந்து நத்தைக்குப் போகின்றன. உள்ளே சிறு பைகளாகப் பெருகி, இனப்பெருக்க உறுப்பின் இடத்தைப் பிடித்துக்கொள்கின்றன. அதன்பின் அந்த நத்தைக்குச் சந்ததி இல்லை. தொற்றும் லேசில் நீங்குவதில்லை. பைகளிலிருந்து வாலுள்ள நுண்ணிய இளம்புழுக்களான செர்க்கேரியாக்கள் வெளியேறுகின்றன. இவை அடுத்துப் புகவேண்டியது மணலில் தத்தும் சிறு ஓடுடலிகளிலோ (இறால் போன்ற உயிரிகள்), ஒரு கொடுக்கு மட்டும் பெருத்த பிடில் நண்டுகளிலோ. இரண்டும் சேற்றின் அடிமட்டத்தில் வாழ்பவை அல்ல, மேட்டில் வளை தோண்டுபவை. தத்தும் ஓடுடலிகள் இருட்டிய பிறகே வெளியே வரும். நத்தை இரவு வற்றத்தில் மேட்டில் தங்கினால்தான் செர்க்கேரியாக்கள் அவற்றின் காலடியில் போய்ச் சேரும். அந்த ஓடுடலியையோ நண்டையோ பறவை கொத்தினால் சுற்று முடிந்தது.

இதைச் சோதிக்க, பகல் வற்றம், இரவு வற்றம் இரண்டிலும், நீர்விளிம்பிலிருந்து மேடு வரை ஒரே நேர்கோட்டில் சீரான இடைவெளியில் நத்தைகளை எடுத்து, எடுத்த உயரத்தைக் குறிக்க வேண்டும். பலர் சறுக்குவது இங்கேதான். மேட்டில் மட்டும் பொறுக்கினால் தொற்று எங்கும் பரவியதுபோலத் தெரியும். தாழ்வில் மட்டும் பொறுக்கினால் ஒன்றுமே இல்லாததுபோல. பெரிய, வயதான நத்தைகளில் தொற்று கூடுதல் என்பதால் அளவையும் சேர்த்து எழுத வேண்டும்.

பிறகு ஒவ்வொரு நத்தையையும் தனித்தனிக் கிண்ணத்தில், அது மூழ்கும் அளவு கடல்நீரில் ஓரிரவு வைத்து, காலையில் குறைந்த உருப்பெருக்கத்தில் நீரைப் பார்க்கலாம். துள்ளும் புள்ளிகள் இருந்தால் தொற்று உறுதி. இல்லையென்றால் தொற்று இல்லை என்று எழுதிவிடக் கூடாது. குளிர்ந்த நீரில் செர்க்கேரியாக்கள் வெளிவருவது குறைந்துவிடும். புதிய தொற்றில் அவை இன்னும் உருவாகியே இருக்காது. முடிவான விடை ஓட்டை உடைத்துச் சுருளின் உட்பகுதியைப் பார்ப்பதில்தான் இருக்கிறது. பாலினம் குறிப்பதிலும் கவனம் தேவை. ஆணுறுப்பு இருந்தால் ஆண் என்று எழுதிவிடுவது ஆபத்து: கப்பல் அடிப்பாகத்தில் பூசிய டிரைபியூட்டைல்டின் என்ற வேதிப்பொருள் பட்ட பெண் நத்தைகளுக்கும் அது முளைக்கும். அந்தப் பூச்சுக்கு உலகத் தடை 2008-இல்தான் நடைமுறைக்கு வந்தது.

கிண்ணத்து நீரில் வெறுங்கை வைக்கக் கூடாது. இதே நத்தையில் வாழும் ஆஸ்ட்ரோபில்ஹார்சியா வேரிகிளாண்டிஸ் என்ற இன்னொரு புழுவின் இளம்புழு மனிதத் தோலைத் துளைத்துப் புகும். உள்ளே பிழைக்காமல் செத்துவிடும் என்றாலும் அந்த இடம் தடித்துச் சிவந்து, நாள்கணக்கில் அரிக்கும். கையுறை போட்டுக்கொண்டு, பயன்படுத்திய நீரைக் கொதிக்கவைத்தபின் கொட்டுவது நல்லது.

உயிரோடு மிஞ்சும் நத்தைகளை எடுத்த இடத்திலேயே விட வேண்டும். வேறு கரைக்குக் கொண்டுபோகவே கூடாது. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிழக்குக் கரைச் சிப்பிகளோடு சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவுக்குப் போன இந்த நத்தைகள், அங்கிருந்த கலிபோர்னியக் கொம்பு நத்தையை அதன் இடத்திலிருந்து ஒதுக்கின. கூடவே அரிப்புப் புழுவும் அங்கே வந்துவிட்டது. அந்த விரிகுடாவின் அலமேடா கரையில் குளித்தவர்களுக்கு வந்த அரிப்புக்கு அதுவே காரணம் என்று 1950-களில் தெரிந்தது.